லியோனோருக்கு ஒரு தம்பி பிறந்திருந்தால்? ஸ்பெயின் அரியணையும் வாரிசுச் சட்டங்களும்

பவானிக்கரை:

2023 அக்டோபர் 31 அன்று ஸ்பெயின் நாடாளுமன்றத்தில் இளவரசி லியோனோர் அரசியல் சாசனத்துக்குக் கட்டுப்பட்டு நடப்பதாக உறுதிமொழி எடுத்தார். அன்றுதான் அவருக்குப் பதினெட்டு வயது நிறைந்தது. அப்பா ஆறாம் ஃபெலிப்பேவுக்கு அடுத்து அரியணை அவருக்குத்தான் என்று எல்லாச் செய்திகளும் சொல்லின. ஆனால் அந்தச் சாசனத்தின் 57ஆம் பிரிவை எடுத்துப் படித்தால் வேறு மாதிரி இருக்கிறது. உறவில் ஒரே படியில் நிற்பவர்களில் பெண்ணைவிட ஆணுக்கே முன்னுரிமை என்று இன்றும் எழுதியிருக்கிறது. லியோனோருக்கும் தங்கை சோஃபியாவுக்கும் பிறகு ஒரு தம்பி பிறந்திருந்தால் அந்தக் கைக்குழந்தைதான் பட்டத்து இளவரசன்.

முதலாம் இசபெல் மாதிரி ஓர் அரசி ஆண்ட நாட்டில் இது எப்படி வந்தது? அதைவிட முக்கியமாக, ஏன் இன்னும் மாற்றவில்லை? விவரம் தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

வக்கீல்தம்பி:

இரண்டாவது கேள்விக்குப் பதில் சொல்கிறேன். மாற்ற விருப்பமில்லை என்பதைவிட மாற்றும் வழி ஆபத்தானது என்பதுதான் காரணம்.

அரச பதவி பற்றிய பகுதியைத் தொட வேண்டுமானால் 168ஆம் பிரிவின்படி போக வேண்டும். இரண்டு அவைகளும் மூன்றில் இரண்டு பங்கு வாக்குகளால் ஒப்ப வேண்டும். உடனே நாடாளுமன்றம் கலையும். தேர்தல் முடிந்து வரும் புதிய அவைகள் மறுபடியும் மூன்றில் இரண்டு பங்கால் நிறைவேற்ற வேண்டும். அப்புறம் பொதுவாக்கெடுப்பு. 1978 சாசனம் 1992, 2011, 2024 என மூன்று முறை திருத்தப்பட்டிருக்கிறது. மூன்றுமே எளிய வழியில் நடந்தவை. 168ஆம் பிரிவின் வழியில் இதுவரை ஒரு திருத்தமும் நடந்ததில்லை.

ஆண், பெண் சமம் என்று சொல்லி ஒரு பொதுவாக்கெடுப்பு வைத்தால் மக்கள் அதை "அரசர் வேண்டுமா, குடியரசு வேண்டுமா" என்ற வாக்கெடுப்பாக மாற்றிவிடுவார்கள் என்று பெரிய கட்சிகள் அஞ்சுகின்றன. 2006இலேயே அரசுக் கவுன்சில் (அரசுக்கு ஆலோசனை சொல்லும் உயர் அமைப்பு) இந்தத் திருத்தம் பற்றி விரிவான அறிக்கை கொடுத்துவிட்டது. அறிக்கை அப்படியே இருக்கிறது. ஃபெலிப்பேவுக்கு இரண்டும் பெண் குழந்தைகள் என்றானதும் அவசரமும் போய்விட்டது.

சுவீடனைப் பாருங்கள். 1979இல் இளவரசர் கார்ல் ஃபிலிப் பிறந்தபோது அவர்தான் பட்டத்து இளவரசர். 1980 சனவரி முதல் புதிய சட்டம் வந்து அந்த இடம் அக்கா விக்டோரியாவுக்குப் போனது. நார்வே, பெல்ஜியம், டென்மார்க், பிரிட்டன் எல்லாம் பிறகு மாற்றிக்கொண்டன. ஸ்பெயின் இன்னும் அங்கேயே நிற்கிறது.

நூலகப்பூனை:

முதல் கேள்வியை நான் எடுத்துக்கொள்கிறேன். பல வருடங்களாக என் மனத்தில் இருக்கும் விஷயம் இது. கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

1978 சாசனத்தில் உள்ள விதி புதியதல்ல. 13ஆம் நூற்றாண்டில் பத்தாம் அல்ஃபோன்சோ காலத்தில் தொகுத்த "சியெத்தெ பார்த்தீதாஸ்" சட்டத்தில் உள்ளதுதான். மகன் இருந்தால் மகன், இல்லையென்றால் மகள். ஆனால் அந்த மகள் தன் சித்தப்பாவுக்கும் பெரியப்பாவுக்கும் முன்னால் நிற்பாள். அக்கால ஐரோப்பாவை வைத்துப் பார்த்தால் இது பெண்களுக்குத் தாராளமான சட்டம். பிரான்சில் 14ஆம் நூற்றாண்டிலிருந்து பெண்ணுக்கு இடமே கிடையாது.

சரி, சட்டம் இருந்தது. அது நடைமுறையில் என்ன ஆனது என்பதுதான் கதை. ஸ்பெயினில் வாரிசுச் சட்டம் என்பது பெரும்பாலும் அந்த நேரத்தில் கண்முன் நின்ற ஆளுக்கு அளவெடுத்துத் தைத்த சட்டைதான். முதலாம் இசபெல்லையே எடுத்துக்கொள்ளுங்கள். அண்ணன் நான்காம் என்ரிக்கே 1474 டிசம்பர் 11 அன்று இறந்தார். அவருக்கு ஹுவானா என்று ஒரு மகள் இருந்தாள். பார்த்தீதாஸ் படி மகள்தான் வாரிசு, தங்கை அல்ல. ஆனால் ஹுவானா அரசருக்குப் பிறந்தவளே இல்லை, பெல்த்ரான் தெ லா குவேவா என்ற பிரபுவுக்குப் பிறந்தவள் என்று பிரபுக்கள் பல வருடங்களாகப் பேச்சைப் பரப்பியிருந்தார்கள். "பெல்த்ரானேஹா" என்ற பட்டப்பெயரே அந்தக் குழந்தைக்கு ஒட்டிக்கொண்டது. அண்ணன் இறந்து இரண்டே நாளில் செகோவியாவில் இசபெல் தன்னை அரசியாக அறிவித்துக்கொண்டார். 1479 வரை போர். தோற்ற ஹுவானா போர்த்துக்கலில் கன்னிமாடத்துக்குப் போக வேண்டியதாயிற்று. 1530இல் லிஸ்பனில் இறக்கும்வரை "நான், அரசி" என்றே கையெழுத்துப் போட்டுவந்தார்.

எல்லாரும் இசபெல்லைக் கொண்டாடுகிறோம், கொண்டாட வேண்டியவர்தான். ஆனால் ஒரு சிறுமியின் பிறப்பைப் பற்றிய வதந்தி அவருடைய அரியணைக்கு அடியில் கிடக்கிறது. எனக்கு அது இன்றும் உறுத்துகிறது.

செம்பருத்தி:

பூனை ஐயா, 1700இல் வாரிசு இல்லாமல் இறந்த அரசர் இரண்டாம் கார்லோஸ் பற்றி எழுதாமல் போய்விடாதீர்கள். மருத்துவம் படித்தவள் என்ற முறையில் அவர் கதையின் ஒரு பகுதியை நான் சொல்கிறேன்.

அவருடைய அப்பா நான்காம் ஃபெலிப்பே. அவருக்கு பல்தசார் கார்லோஸ் என்ற மகன் இருந்தான். அந்த மகனுக்கு நிச்சயித்திருந்த பெண் ஆஸ்திரியாவின் மரியானா, அதாவது அரசரின் தங்கை மகள். 1646இல் பையன் பதினாறு வயதில் இறந்துபோனான். 1649இல் அந்தப் பெண்ணை அரசரே மணந்துகொண்டார். அவருக்கு 44 வயது, அவளுக்கு 14. இவருடைய தாத்தா இரண்டாம் ஃபெலிப்பேயும் நான்காவதாக மணந்தது சொந்தத் தங்கை மகளைத்தான். ஸ்பெயினையும் ஆஸ்திரியாவையும் ஆண்ட ஹாப்ஸ்பர்க் குடும்பத்தின் நாடுகள் வெளியே போகக்கூடாது என்பதற்காக மாட்ரிட் கிளையும் வியன்னா கிளையும் மாறி மாறிப் பெண் கொடுத்து எடுத்தன.

நம் பக்கத்திலும் தாய்மாமன் கல்யாணம் உண்டே என்று கேட்பீர்கள். ஒரே ஒரு தாய்மாமன் திருமணத்தில் பிறக்கும் குழந்தைக்கு இரத்த உறவுக் கெழு (பெற்றோரின் இரத்த உறவு எவ்வளவு நெருக்கம் என்று காட்டும் எண்) 0.125. இரண்டாம் கார்லோஸுக்கு அது 0.254 என்று 2009இல் சந்தியாகோ தெ கொம்போஸ்தேலா ஆய்வாளர்கள் கணக்கிட்டார்கள். கூடப்பிறந்த அண்ணன் தங்கைக்குக் குழந்தை பிறந்தால் வரும் அளவு அது. ஒரே குடும்பத்துக்குள் பல தலைமுறை திரும்பத் திரும்ப மணந்ததால் சேர்ந்த சுமை. அவருக்கு இரண்டு மரபணு நோய்கள் இருந்திருக்கலாம் என்பது அவர்களின் ஊகம். ஊகம் மட்டுமே, நிரூபணம் இல்லை.

வியன்னா அருங்காட்சியகத்தில் வெலாஸ்கேஸ் 1659இல் தீட்டிய ஓர் ஓவியம் இருக்கிறது. கார்லோஸின் அண்ணன் ஃபெலிப்பே ப்ரோஸ்பெரோ, ஒன்றரை வயசுக் குழந்தை. வெளுத்த முகம், சோர்ந்த கை. கவுனின் மேல் இடுப்பைச் சுற்றித் தாயத்துகளும் ஒரு மணியும் தொங்குகின்றன, கண்ணேறு படாமல் இருக்க. ஒரு பேரரசே அந்தக் குழந்தையின் மூச்சைக் கவனித்துக்கொண்டிருந்தது. 1661 நவம்பர் 1 அன்று அவன் இறந்தான். ஐந்து நாள் கழித்துக் கார்லோஸ் பிறந்தார்.

அவரைச் "சூனியம் வைக்கப்பட்டவர்" என்று அழைத்து, பேயோட்டவும் செய்தார்கள். பாவம் அந்த மனிதர். இரண்டு முறை மணம், குழந்தை இல்லை. தன் தவறு ஒன்றும் இல்லாமல் தன் குடும்பத்தின் கொள்கையை உடம்பில் சுமந்தவர் அவர்.

நூலகப்பூனை:

நன்றி டாக்டர் அம்மா. அந்த நோயாளி மனிதர் கடைசி மாதத்தில் செய்த ஒரு காரியம் ஐரோப்பாவையே புரட்டிப்போட்டது. அதைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும்.

வாரிசு இல்லை என்பது தெரிந்ததும் மற்ற நாடுகள் அவர் உயிரோடு இருக்கும்போதே நாட்டைப் பங்கு போட்டன. 1698இல் பிரான்சும் இங்கிலாந்தும் ஹாலந்தும் போட்ட ஒப்பந்தப்படி ஸ்பெயின் பவேரியாவின் சிறுவன் ஜோசப் ஃபெர்டினாண்டுக்கு. ("லாஸ் மெனினாஸ்" ஓவியத்தின் நடுவில் நிற்கும் சின்ன இளவரசியின் பேரன் இவன்.) கார்லோஸும் அவனையே வாரிசாக எழுதினார், ஆனால் முழு நாட்டுக்கும். 1699 பிப்ரவரியில் அந்தக் குழந்தை ஆறு வயதில் இறந்துவிட்டது. உடனே 1700இல் இரண்டாவது பங்கு ஒப்பந்தம். இந்த முறை ஸ்பெயினும் அமெரிக்க நாடுகளும் ஆஸ்திரிய இளவரசர் கார்லுக்கு, நேப்பிள்ஸும் சிசிலியும் பிரான்சுக்கு.

மாட்ரிடில் எல்லாருக்கும் ஆத்திரம். யார் அரசரானாலும் பரவாயில்லை, நாட்டைத் துண்டு போடக்கூடாது என்பதுதான் அங்கே பெரும்பாலோர் எண்ணம். துண்டாகாமல் காக்கும் படைபலம் பிரான்சுக்குத்தான் உண்டு என்று தொலேதோ பேராயர் கார்டினல் போர்த்தோகர்ரேரோ வாதாடினார். போப்பின் கருத்தையும் கேட்டார்கள். கார்லோஸுக்குப் பிரான்சின் மேல் பிரியம் இல்லை. மனைவி ஆஸ்திரியா பக்கம். சொந்த ரத்தமும் ஆஸ்திரியாதான். ஆனாலும் 1700 அக்டோபர் 3 அன்று, பதினான்காம் லூயியின் பேரன் ஆன்ஜூ கோமகன் ஃபிலிப்புக்கு முழு நாட்டையும் எழுதிவைத்துக் கையெழுத்திட்டார். பிரெஞ்சு முடியும் ஸ்பெயின் முடியும் ஒரே தலையில் சேரக்கூடாது என்பது நிபந்தனை. அவர் மறுத்தால் தம்பி பெர்ரி கோமகன். அவரும் மறுத்தால் ஆஸ்திரியாவின் கார்ல். நவம்பர் 1 அன்று கார்லோஸ் இறந்தார். முப்பத்தெட்டு வயது.

அந்த மனிதரைப் பலவீனமானவர், மந்தமானவர் என்று எல்லாப் புத்தகமும் எழுதுகிறது. தன் குடும்பத்தின் விருப்பத்துக்கு எதிராக நாட்டின் ஒருமையைத் தேர்ந்தெடுத்த அந்தக் கையெழுத்தை நான் பலவீனம் என்று சொல்ல மாட்டேன்.

இப்போது லூயியின் நிலைமை. உயிலை ஏற்றால் தானே கையெழுத்திட்ட ஒப்பந்தத்தை மீற வேண்டும். மறுத்தால் முழு ஸ்பெயினும் ஆஸ்திரியாவுக்குப் போய்விடும். நவம்பர் 16 அன்று வெர்சாயில் பேரனைச் சபையின் முன் நிறுத்தி ஸ்பெயின் அரசர் என்று அறிவித்தார். அதோடு நின்றிருந்தால் பெரிய போர் வராமலே போயிருக்கலாம். 1701 தொடக்கத்தில் ஃபிலிப்பின் பிரெஞ்சு வாரிசுரிமையும் அப்படியே இருக்கும் என்று பதிவு செய்தார், ஸ்பானிய நெதர்லாந்தின் கோட்டைகளில் படையை இறக்கினார். அது போதும்.

பதிமூன்று வருடம் போர். 1711இல் ஆஸ்திரியப் பேரரசர் முதலாம் ஜோசப் இறந்து, தம்பி கார்லே பேரரசர் ஆனதும் இங்கிலாந்துக்கு ஆர்வம் போய்விட்டது. ஃபிலிப் இரண்டு முடி சூடினால் ஆபத்து என்று போருக்கு வந்தவர்கள், கார்ல் இரண்டு முடி சூடுவதை எப்படி விரும்புவார்கள்? 1713 உத்ரெக்ட் உடன்படிக்கையில் ஃபிலிப் அரசர் என்று ஒப்புக்கொண்டு ஜிப்ரால்டரையும் மெனோர்காவையும் இங்கிலாந்து வாங்கிக்கொண்டது. கார்லை நம்பிய கத்தலான்கள் தனியே விடப்பட்டார்கள். 1714 செப்டம்பர் 11 அன்று பார்சிலோனா வீழ்ந்தது. 1716 ஆணை அவர்களுடைய பழைய அவைகளையும் உரிமைகளையும் ஒழித்தது. கத்தலோனியாவின் தேசிய நாள் இன்றும் செப்டம்பர் 11தான்.

திருமலை வாசகன்:

இந்த இழையில் எங்களுடைய இலங்கைப் பக்கத்துக்கும் ஓர் இடம் இருக்கிறது, சுருக்கமாகச் சொல்கிறேன்.

போர்த்துக்கலின் இளம் அரசர் செபாஸ்தியான் 1578இல் மொரோக்கோவில் போர்க்களத்தில் இறந்தார். அடுத்து வந்தவர் வயதான கார்டினல், 1580 சனவரியில் அவரும் இறந்தார். தாய்வழி உரிமை சொல்லி ஸ்பெயினின் இரண்டாம் ஃபெலிப்பே படையோடு உள்ளே வந்தார். அதே 1580இல்தான் இலங்கையில் கோட்டை இராச்சியத்தின் அரசர் தொன் ஜுவான் தர்மபால, தனக்குப் பிள்ளை இல்லாதபடியால், தன் அரசைப் போர்த்துக்கல் அரசருக்கு உரித்தாக எழுதிக்கொடுத்தார். 1597இல் தர்மபால இறந்தபோது போர்த்துக்கல் அரசர் என்றால் அது ஸ்பெயினின் ஃபெலிப்பே. 1619இல் யாழ்ப்பாண அரசைப் போர்த்துக்கேயர் பிடித்தபோதும் அவர்களுடைய அரசர் மாட்ரிடில் இருந்த மூன்றாம் ஃபெலிப்பேதான். 1640இல் பிரகன்சா குடும்பம் போர்த்துக்கலை மீட்கும்வரை இந்த நிலைமை.

எங்களுடைய பாடப்புத்தகத்தில் "போர்த்துக்கேயர்" என்று மட்டும் படித்தோம். அந்த முத்திரைக்கு மேலே எந்த அரசர் இருந்தார் என்று யாரும் சொல்லித்தரவில்லை.

பவானிக்கரை:

வாசகன் அண்ணா, இது எனக்குப் புதுச் செய்தி. மிக்க நன்றி.

பூனை ஐயா, அப்படியானால் பெண்களை ஒதுக்கும் சட்டம் இந்த ஃபிலிப்போடு வந்ததா? 19ஆம் நூற்றாண்டில் அரியணைக்காக நடந்த உள்நாட்டுப் போர்களான கார்லிஸ்ட் போர்கள் அதன் தொடர்ச்சியா?

நூலகப்பூனை:

ஆமாம். அரசரானபின் அவர் ஐந்தாம் ஃபெலிப்பே. 1713 மே மாதம் புதிய வாரிசுச் சட்டம் போட்டார். ஆண் வழி முழுவதும் அற்றுப்போனால் மட்டுமே பெண்ணுக்கு முறை வரும். காஸ்டீல் (ஸ்பெயினின் நடுப்பகுதியில் இருந்த பழைய அரசு) கவுன்சில் மனமுவந்து இதை ஏற்கவில்லை, அரசர் அழுத்தம் கொடுத்துத்தான் ஒப்புதல் வாங்கினார். அவருக்கு ஸ்பெயின் கிடைத்ததே பாட்டி, ஸ்பெயின் இளவரசி மரியா தெரேசா வழியாக, அதாவது ஒரு பெண் வழியாக. தன்னை அரியணையில் ஏற்றிய ஏணியைத் தனக்குப் பின் யாரும் ஏறாதபடி எடுத்துவிட்டார்.

அந்தச் சட்டத்தில் இன்னொரு நிபந்தனையும் இருந்தது. வாரிசு ஸ்பெயினில் பிறந்து வளர்ந்தவராக இருக்க வேண்டும். இது பிற்பாடு அவருடைய மகன் மூன்றாம் கார்லோஸைத் துரத்தியது. அவர் நேப்பிள்ஸ் அரசராக இருந்துவிட்டு 1759இல் ஸ்பெயினுக்கு வந்தவர். மகன் நான்காம் கார்லோஸ் பிறந்தது நேப்பிள்ஸ் அருகே. ஆனால் தம்பி தொன் லூயிஸ் ஸ்பெயினிலேயே பிறந்தவர். அவருடைய பிள்ளைகள் உரிமை கேட்டால்? 1776இல் சமமற்ற திருமணங்கள் பற்றி ஓர் ஆணை வந்தது. அதே வருடம் தொன் லூயிஸ் அரச குடும்பம் அல்லாத ஒரு பெண்ணை மணக்க அனுமதிக்கப்பட்டார். பிள்ளைகளுக்கு போர்போன் என்ற அரச வம்சப் பெயர் கிடையாது, மனைவிக்கு அரசவையில் இடம் கிடையாது. அவர் அரேனாஸ் தெ சான் பேத்ரோ என்ற ஊரில் ஒதுங்கி வாழ்ந்தார். கோயா அங்கே போய் அந்தக் குடும்பத்தைத் தீட்டியிருக்கிறார்: மெழுகுவத்தி வெளிச்சத்தில் சீட்டு மேசை, தலைவாரிக்கொள்ளும் மனைவி, சுற்றிலும் பணியாட்கள். அரசரின் தம்பி குடும்பம் என்று யாரும் சொல்லமாட்டார்கள், அவ்வளவு சாதாரணம். எனக்கு மிகவும் பிடித்த ஓவியம் அது.

1789இல் நான்காம் கார்லோஸ் நாடாளுமன்றத்தைக் கூட்டி 1713 சட்டத்தை நீக்கிப் பழைய பார்த்தீதாஸ் முறைக்குத் திரும்ப ஒப்புதல் வாங்கினார். ஆனால் உறுப்பினர்களிடம் ரகசியச் சத்தியம் வாங்கிக்கொண்டு, வெளியிடாமல் வைத்துவிட்டார். நாற்பது வருடம் அந்தக் காகிதம் தூங்கியது.

மகன் ஏழாம் ஃபெர்னாண்டோவுக்கு மூன்று மனைவிகள் இறந்தும் வாரிசு இல்லை. தம்பி கார்லோஸ் மரியா இசித்ரோதான் அடுத்து என்று எல்லாரும் இருந்தார்கள். 1829 டிசம்பரில் நான்காம் மனைவியாக மரியா கிறிஸ்தீனா வந்தார். அவரும் அரசரின் சகோதரி மகள்தான். அவர் கருவுற்றதும் 1830 மார்ச்சில் அந்த 1789 காகிதத்தை எடுத்து அரசர் வெளியிட்டார். அக்டோபரில் பிறந்தது பெண், இசபெல். சட்டம் குழந்தைக்கு ஆறு மாதம் முன்னால் வந்து காத்திருந்தது.

1832 செப்டம்பரில் லா க்ராஞா அரண்மனையில் அரசர் சாகக் கிடந்தார். உள்நாட்டுப் போர் வரும் என்று பயமுறுத்தி, நீதி அமைச்சர் கலோமார்தெயும் மற்றவர்களும் அந்த ஆணையை ரத்துசெய்யும் காகிதத்தில் கையெழுத்து வாங்கிவிட்டார்கள். சேதி கேட்டு அரசியின் அக்கா லூயிசா கார்லோத்தா தெற்கிலிருந்து விரைந்து வந்து கலோமார்தெயின் கன்னத்தில் அறைந்தார் என்றும், "வெள்ளைக் கைகள் அவமானப்படுத்துவதில்லை" என்று அவர் பதில் சொன்னார் என்றும் கதை உண்டு. அரசர் பிழைத்துக்கொண்டு, டிசம்பர் 31 அன்று அந்த ரத்தையே ரத்துசெய்தார். 1833 செப்டம்பர் 29 அன்று இறந்தார். மூன்று வயதுக்கூட நிறையாத இசபெல் அரசி. தம்பி கார்லோஸ் ஏற்கவில்லை. போர்.

கார்லோஸ் தரப்பின் சட்ட வாதத்தையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். அவர் பிறந்தது 1788இல், அதாவது அந்த ரகசிய ஒப்புதலுக்கு முந்தைய வருடம். பிறக்கும்போதே கிடைத்த உரிமையைப் பிறகு ஒரு தீர்மானத்தால் பறிக்க முடியுமா? வெளியிடாத சட்டம் சட்டமா? இரண்டும் நல்ல கேள்விகள்.

எழுத்தாணி:

ஐயா சொல்வதை மதிக்கிறேன், ஆனால் இந்த இடத்தில் உடன்படவில்லை. நவார்ரா மலையில் இருந்த ஒரு விவசாயி 1713 சட்டத்துக்காகவா ஏழு வருடம் துப்பாக்கி தூக்கினான்? பாஸ்க் பகுதிக்கும் நவார்ராவுக்கும் "ஃபுவேரோ" என்ற பழைய உரிமைகள் இருந்தன. தனிச் சுங்க எல்லை, கட்டாயப் படைச் சேர்ப்பிலிருந்து விலக்கு, தங்கள் வரியைத் தாங்களே பேசி முடிக்கும் வழக்கம். மாட்ரிடின் தாராளவாதிகள் அதையெல்லாம் ஒரே சட்டத்துக்குள் கொண்டுவரப் பார்த்தார்கள். 1836 முதல் மடங்களின் நிலங்கள் அரசுடைமையாகி ஏலம் போயின. வாங்கியவர்கள் பணக்காரர்கள், இழந்தவர்கள் குத்தகைக்காரர்கள். மக்கள் போராடியது அதற்காக.

ஆதாரம் வேண்டுமா? 1839 ஆகஸ்டு 31 அன்று வெர்காராவில் தளபதிகள் எஸ்பார்த்தேரோவும் மரோத்தோவும் தழுவிக்கொண்டு முடித்த உடன்பாட்டில் முதல் அம்சமே ஃபுவேரோ பற்றியது. அரச வம்சச் சண்டை என்று மட்டும் சொன்னால் அந்த ஏழை மக்களின் காரணங்களை நாம் அழித்துவிடுகிறோம்.

நூலகப்பூனை:

எழுத்தாணி, இது சரியான வாதம், பெரும்பகுதியை ஏற்கிறேன். அந்த வெர்காரா உடன்பாட்டின் இரண்டாவது அம்சத்தையும் சேர்த்துப் படியுங்கள். இசபெல்லின் அரியணையை ஒப்புக்கொள்ளும் அதிகாரிகளுக்குப் பதவியும் சம்பளமும் அப்படியே தொடரும் என்றது அது. மலைக் கிராமத்துக் கோபம் எப்போதும் இருந்தது. அதற்கு ஓர் அரசர், கொடி, ராணுவ அதிகாரிகள் சத்தியம் செய்ய ஒரு பெயர், எல்லாவற்றையும் கொடுத்தது வாரிசுச் சண்டைதான். இல்லாவிட்டால் அது கலவரங்களாகச் சிதறியிருக்கும். 1846, 1872 என்று மீண்டும் மீண்டும் எழுந்ததும் அந்த உரிமை தந்தையிடமிருந்து மகனுக்குப் போனதால்தான்.

இன்னொன்று. கார்லிஸ்ட் நேர் வழியின் கடைசி ஆள் அல்ஃபோன்சோ கார்லோஸ், 1936 செப்டம்பரில் வியன்னாவில் வாகனம் மோதி வாரிசு இல்லாமல் இறந்தார். அவர்கள் நூறு வருடம் உயிரைக் கொடுத்துக் காத்த ஆண் வழிச் சட்டத்தைப் போட்டுப் பார்த்தால் அடுத்த உரிமை யாருக்கு? இசபெல்லின் பேரன் பதின்மூன்றாம் அல்ஃபோன்சோவுக்கு! இசபெல் மணந்த பிரான்சிஸ்கோ தெ ஆசிஸ் ஃபெர்னாண்டோவின் இன்னொரு தம்பியின் மகன் (அம்மா அதே லூயிசா கார்லோத்தா). ஆகவே ஆண் வழியும் அந்தக் குடும்பத்திலேயே வந்து நின்றது. பெரும்பாலான கார்லிஸ்டுகளுக்கு அதை ஜீரணிக்க முடியவில்லை. பார்மா குடும்பத்து ஹாவியேரைத் தலைவராக ஏற்றுக்கொண்டார்கள். நீங்கள் சொன்னது சரிதான் என்பதற்கு இதுவும் ஒரு சாட்சி: சட்டம் மட்டும்தான் காரணம் என்றால் அன்றே சமாதானம் ஆகியிருக்க வேண்டும்.

வக்கீல்தம்பி:

யார் தீர்மானிப்பது என்ற கேள்விக்கு ஸ்பெயின் எல்லா விடைகளையும் சோதித்துவிட்டது. 1868இல் இசபெல் விரட்டப்பட்டபின் நாடாளுமன்றமே அரசரைத் தேடியது. ஜெர்மன் இளவரசர் லியோபோல்டின் பெயரை எடுத்ததுமே பிரான்சுக்கும் பிரஷ்யாவுக்கும் 1870 போர் மூண்டது. அப்புறம் 1870 நவம்பர் 16 அன்று 191 வாக்குகளால் இத்தாலியின் அமதேயோவைத் தேர்ந்தெடுத்தார்கள். அவரைக் கொண்டுவந்த தளபதி ப்ரிம், அவர் வந்து சேருமுன்பே மாட்ரிட் தெருவில் சுடப்பட்டு இறந்தார். 1873 பிப்ரவரியில் அமதேயோ முடியை இறக்கி வைத்துவிட்டுப் போய்விட்டார்.

சர்வாதிகாரி ஃபிராங்கோவின் வழி வேறு. 1947 சட்டத்தில் ஸ்பெயின் ஒரு முடியரசு, ஆனால் அரசரை நான் சொல்வேன் என்றார். பதின்மூன்றாம் அல்ஃபோன்சோவின் மகன் தொன் ஹுவான் ஜனநாயகம் பேசியதால் அவரைத் தாண்டி, அவர் மகன் ஹுவான் கார்லோஸை 1969 ஜூலை 22 அன்று நியமித்தார். தந்தை உயிரோடு இருக்கும்போது மகன். அதற்கு "மீட்பு" என்ற சொல்லைக்கூட ஃபிராங்கோ அனுமதிக்கவில்லை, புதிதாக நிறுவுகிறோம் என்றார். 1975இல் மகன் அரசர். தந்தை தன் உரிமையை விட்டுக்கொடுத்தது 1977 மே 14 அன்றுதான். அடுத்த வருடச் சாசனம் ஹுவான் கார்லோஸை "வரலாற்று வம்சத்தின் முறையான வாரிசு" என்கிறது. ஃபிராங்கோவின் பெயரே இல்லை. சர்வாதிகாரி கொடுத்த பதவிக்கு ஜனநாயகம் புதிய பிறப்புச் சான்றிதழ் எழுதியது. அதை நான் குறையாகச் சொல்லவில்லை. 1981 பிப்ரவரி 23 அன்று ஆயுதம் தாங்கிய சிவில் காவல் படையினர் நாடாளுமன்றத்தைப் பிடித்தபோது ஹுவான் கார்லோஸ் சாசனத்தின் பக்கம் நின்றதால்தான் அந்த எழுத்துக்கு உயிர் வந்தது.

57ஆம் பிரிவில் ஆணுக்கு முன்னுரிமை ஏன் வந்தது? 1978இல் அக்கா எலேனாவுக்குப் பதினான்கு வயது, தம்பி ஃபெலிப்பேவுக்குப் பத்து. ஃபெலிப்பே 1977லேயே அஸ்தூரியாஸ் இளவரசர், அதாவது பட்டத்து இளவரசர், ஆகிவிட்டார். பூனை ஐயா முதலில் சொன்ன அளவெடுத்த சட்டை இங்கேயும்தான். அதே சாசனத்தின் 14ஆம் பிரிவு பாலின வேறுபாடு கூடாது என்கிறது.

செம்பருத்தி:

தொன் ஹுவானும் மூன்றாவது மகன்தான் என்பதைச் சேர்த்துக்கொள்ளுங்கள். பதின்மூன்றாம் அல்ஃபோன்சோவின் மூத்த மகனுக்கு இரத்தம் உறையாத நோய். விக்டோரியா மகாராணியின் பேத்தியான அம்மா வழியாக வந்தது. இரண்டாம் மகன் ஹாய்மே சிறு வயதிலேயே செவித்திறன் இழந்தவர். 1933இல் இருவரும் உரிமையை விட்டுக்கொடுத்தார்கள். ஹாய்மேயின் மகன் அல்ஃபோன்சோ 1972இல் ஃபிராங்கோவின் பேத்தியை மணந்தபோது, ஃபிராங்கோ மனம் மாறுவாரோ என்று ஹுவான் கார்லோஸ் பக்கத்தில் கவலை இருந்தது. காது கேளாதவர் ஆளக்கூடாது என்று அன்று யாரும் யோசிக்காமல் முடிவுசெய்தது எனக்கு வேதனையாக இருக்கிறது.

பவானிக்கரை:

கடைசியாக ஒன்று. லியோனோருக்கு அடுத்து யார்? எல்லா வழியும் அற்றுப்போனால்?

வக்கீல்தம்பி:

லியோனோர், சோஃபியா, அப்புறம் அத்தை எலேனா, அவர் பிள்ளைகள் இருவர், அடுத்து கிறிஸ்தீனா. எல்லாரும் இல்லாமல் போனால் 57ஆம் பிரிவின் மூன்றாம் பகுதிப்படி நாட்டுக்கு எது நல்லதோ அதன்படி நாடாளுமன்றம் ஏற்பாடு செய்யும்.

நூலகப்பூனை:

அதற்கு அங்கே பழைய முன்னுதாரணம் உண்டு. 1410இல் ஸ்பெயினின் கிழக்கில் இருந்த அரகோன் அரசின் அரசர் மார்த்தின் வாரிசைச் சொல்லாமல் இறந்தார். அரகோன், வலென்சியா, கத்தலோனியா மூன்றும் தலா மூன்று பேரை அனுப்பின. ஒன்பது பேரும் காஸ்பே என்ற ஊரில் உட்கார்ந்து உரிமை கேட்டவர்களின் வாதங்களைக் கேட்டார்கள். ஆறு வாக்காவது வேண்டும், அதில் ஒவ்வொரு நாட்டிலிருந்தும் ஒன்றாவது இருக்க வேண்டும் என்பது விதி. 1412 ஜூனில் காஸ்டீல் இளவரசர் ஃபெர்னாண்டோவைத் தேர்ந்தெடுத்தார்கள். ஒன்பது பேரில் ஒருவர் துறவி வின்சென்ட் ஃபெரர், பின்னாளில் புனிதர். தோற்ற உர்ஹெல் கோமகன் ஹைமே தீர்ப்பை ஏற்காமல் மறுவருடம் கிளர்ந்து, பலகேரில் சரணடைந்து, 1433இல் ஷாத்திவா கோட்டைச் சிறையில் இறந்தார். அந்த வழக்கில் இரு தரப்பும் வைத்த வாதங்கள் மிக நுட்பமானவை. அதற்குத் தனி இழை தொடங்குகிறேன், எழுத்தாணி அவசியம் வர வேண்டும்.